கோயிலுக்குப் போகிற பெண் பெண்ணியம் பேசலாமா?

போன மாதம் இந்தப் பகுதியில் ஒரு வாசகிக்குப் பதில் எழுதும்போது, நான் ஞாயிறு பூசையைத் தவறவிடாத கத்தோலிக்கப் பெண், பெண்ணியவாதியும்கூட என்று போகிற போக்கில் ஒரு வரி எழுதியிருந்தேன். அந்த வரிக்கு வந்த கடிதங்களிலிருந்துதான் இந்த மாதக் கேள்விகள். பெயர் போட வேண்டாம் என்று பலர் கேட்டதால் எல்லோருக்கும் ஊர் மட்டும்.

அக்கா, நான் கல்லூரியில் இரண்டாம் ஆண்டு படிக்கிறேன். சின்ன வயதிலிருந்து பாடகர் குழுவில் இருக்கிறேன். மாதா என்றால் எனக்கு உயிர். கல்லூரித் தோழிகள், "உன்னைப் பூசை வைக்கவே விடாத இடத்தில் போய் முழங்காலில் நிற்கிறாய், நீ எப்படிப் பெண்ணியவாதி?" என்கிறார்கள். பங்கில் அக்கம்பக்கத்துக் குடும்பங்கள் கூடுகிற அன்பியக் கூட்டத்தில் வாயைத் திறந்தால், "பெண்ணியமெல்லாம் குடும்பத்தை உடைக்கிற சமாச்சாரம்" என்கிறார்கள். இரண்டில் ஒன்றை விட்டுத்தான் ஆக வேண்டுமா? – வாசகி, திருச்சி

வேண்டாம் தங்கச்சி. இரண்டு தரப்பும் உன்னிடம் ஒரே விஷயத்தைத்தான் சொல்கிறார்கள், கவனித்தாயா? திருச்சபை எப்போதும் இப்படித்தான் இருந்தது, இனியும் இப்படித்தான் இருக்கும் என்கிறார்கள். அதனால் வெளியே வா என்கிறார்கள் தோழிகள், அதனால் பேசாமல் இரு என்கிறார்கள் அன்பியத்தில். யார் "எப்போதும் இப்படித்தான்" என்று சொன்னாலும் நான் பதிலுக்கு ஒன்றுதான் கேட்பேன்: எப்போதிலிருந்து? ஆண்டைத் தேடிப் பார்த்தால் பாதி விஷயங்களில் நாம் நினைத்ததைவிடப் பிந்தைய ஒரு தேதி வந்து நிற்கும். அது மாறியிருந்தால், யாரோ ஒரு பெண் விடாமல் கேட்டுக்கொண்டே இருந்திருப்பாள்.

ஒரு கதை சொல்கிறேன், இது எனக்கு ரொம்பப் பிடித்த கதை. ஆக்னஸ் மக்லாரன் என்று ஒரு ஸ்காட்லாந்துப் பெண், 1837-இல் பிறந்தவர். எடின்பரோவில் பெண்களுக்கு ஓட்டுரிமை கேட்டுப் போராடியவர். உள்ளூரில் பெண்கள் மருத்துவம் படிக்க வழி அடைபட்டிருந்ததால் பிரான்சில் மோன்பெலியே நகரத்துக்குப் போய்ப் படித்து 1878-இல் டாக்டரானார். அறுபது வயதைத் தாண்டிய பிறகு கத்தோலிக்கரானார். அந்த வயதில், ஓட்டுரிமைப் போராட்டத்திலிருந்து வந்த ஒரு பெண் திருச்சபைக்குள் வருகிறார் என்றால், பெண்ணியத்தை வாசலில் கழற்றிப் போட்டுவிட்டா வந்திருப்பார்?

அப்போது வட இந்தியாவில் பர்தா முறையில் வாழ்ந்த பெண்களை ஆண் டாக்டர் தொட்டுப் பார்க்க முடியாது, பிரசவத்தில் கொத்துக் கொத்தாகச் செத்துக்கொண்டிருந்தார்கள். பெண் டாக்டர்கள் தேவை. கன்னியர் மடங்கள் இருந்தன, படித்த கன்னியரும் இருந்தார்கள், ஆனால் துறவிகள் டாக்டர் வேலை பார்ப்பதையும், முக்கியமாகப் பிரசவம் பார்ப்பதையும், திருச்சபையின் சட்டம் தடுத்தது. மக்லாரன், இன்று பாகிஸ்தானில் இருக்கிற ராவல்பிண்டியில் பெண்களுக்காக ஒரு மருத்துவமனை உருவாகப் பாடுபட்டார், கூடவே இந்தத் தடையை நீக்குங்கள் என்று உரோமைக்குப் போய்ப் போய்க் கேட்டார். தடை நீங்குவதற்கு முன்பே 1913-இல் இறந்துபோனார். அவரோடு கடிதத் தொடர்பில் மட்டுமே இருந்த, நேரில் ஒருமுறைகூடப் பார்க்காத ஆனா டெங்கல் என்ற ஆஸ்திரியப் பெண், அவர் சொன்ன வழியிலேயே அயர்லாந்தின் கார்க் நகரில் மருத்துவம் படித்து, 1920-இல் ராவல்பிண்டிக்கு வந்து சேர்ந்தார். 1925-இல் வாஷிங்டனில் மருத்துவக் கன்னியருக்கென்றே ஒரு சபையைத் தொடங்கினார். கடைசியில் 1936 பிப்ரவரியில் உரோமை அந்தத் தடையை எடுத்தது.

என் அம்மா என்னைப் பெற்றது கன்னியர் நடத்திய ஓர் ஆஸ்பத்திரியில். பிரசவம் பார்த்தது ஒரு சிஸ்டர் டாக்டர். அம்மாவுக்கு அது உலகத்திலேயே மிக இயல்பான விஷயம். சிஸ்டர்கள் பிரசவம் பார்ப்பது ஒரு காலத்தில் தடையாக இருந்தது என்று நான் சொன்னபோது நம்பவே மாட்டேன் என்றார்.

உன் தோழிகளிடம் இந்தக் கதையைச் சொல். அன்பியத்திலும் சொல், அங்கேதான் கட்டாயம் சொல்ல வேண்டும். தோழிகள் கேட்பது தப்பான கேள்வி என்று நான் சொல்லவில்லை. பூசை வைக்கிற விஷயத்துக்குக் கீழே இன்னொரு கடிதத்தில் வருகிறேன்.

அக்கா, வருகிற தை மாதம் எனக்குக் கல்யாணம், கோயிலில் கல்யாண அறிவிப்பு ஓலை வாசிக்கப் போகிறார்கள். திருமணத் திருப்பலியில் பைபிளின் எபேசியர் 5-ஆம் அதிகாரத்தை வாசிக்க வேண்டும் என்று மாப்பிள்ளை வீட்டில் ஆசைப்படுகிறார்கள். மனைவி கணவனுக்குப் பணிந்திருக்க வேண்டும் என்கிற அந்தப் பகுதியைக் கேட்டுக்கொண்டு நான் எப்படி நிற்பது? – வாசகி, நாகர்கோவில்

முதலில் வாழ்த்துகள். வாசகத்தைத் தேர்ந்தெடுப்பதில் உங்களுக்கும் உரிமை உண்டு, இதுதான் என்று கட்டாயம் கிடையாது. பங்குத் தந்தையிடம் வாசகப் பட்டியலைக் கேட்டு வாங்கிப் பாருங்கள்.

ஆனால் அந்த அதிகாரத்தை ஒரு வரி முன்னாலிருந்து படித்துப் பாருங்கள் என்றும் சொல்வேன். மனைவியரைப் பற்றிய வசனம் 22. அதற்கு முந்தைய 21-ஆம் வசனம், கிறிஸ்துவுக்கு அஞ்சி ஒருவருக்கொருவர் பணிந்திருங்கள் என்று எல்லோருக்கும் சொல்கிறது. கிரேக்க மொழியில் உள்ள மிகப் பழைய கையெழுத்துப் படிகள் சிலவற்றில் 22-ஆம் வசனத்துக்கென்று தனியாக வினைச்சொல்லே இல்லை, முந்தைய வசனத்தின் "பணிந்து" என்பதையே கடன் வாங்கிக்கொள்கிறது. அதாவது இரண்டும் ஒரே மூச்சில் சொன்னது, நாம்தான் நடுவில் கத்தரி போட்டுப் பிற்பாதியைப் பெண்கள் கையில் கொடுத்துவிட்டோம். இது நான் ஏதோ வளைத்துச் சொல்வதும் இல்லை. 1988-இல் இரண்டாம் ஜான் பால் பெண்களின் மாண்பைப் பற்றி எழுதிய மடலில், இந்தப் பணிவு கணவன் மனைவி இருவருக்கும் பொது என்றுதான் விளக்குகிறார். பெண்கள் விஷயத்தில் ரொம்பப் பழமையானவர் என்று பலரும் நினைக்கிற போப்பாண்டவர் அவர்! அப்புறம் 25-ஆம் வசனம், கிறிஸ்து திருச்சபைக்காகத் தன்னையே கொடுத்தது போலக் கணவன் மனைவியிடம் அன்பு காட்ட வேண்டும் என்கிறது. உயிரைக் கொடுக்கச் சொல்கிற அந்த வசனத்தைக் கல்யாண வீட்டில் யாரும் மாப்பிள்ளைக்கு எடுத்துச் சொல்லி நான் கேட்டதில்லை.

மாப்பிள்ளையோடு உட்கார்ந்து 21-லிருந்து 33 வரை படியுங்கள். படித்து முடித்ததும் அவர் என்ன சொல்கிறார் என்று கேளுங்கள். வாசகத்தைவிட அந்தப் பேச்சு உங்களுக்கு முக்கியம். அதற்குப் பிறகும் இதே வாசகம்தான் என்றால், 21-ஆம் வசனத்திலிருந்து தொடங்கச் சொல்லிப் பங்குத் தந்தையிடம் கேளுங்கள்.

இயேசுவுக்கே புகழ், மரியே வாழ்க. சகோதரி, உலகத்தில் வேறு எந்தப் பெண்ணுக்கு நம் மாதாவுக்குக் கிடைக்கிற மரியாதை கிடைக்கிறது? தேர் இழுக்கிறோம், முடி காணிக்கை கொடுக்கிறோம், வேளாங்கண்ணிக்கு நடந்தே போகிறோம். பெண்ணை இவ்வளவு உயர்த்திய திருச்சபைக்கு எதற்குப் பெண்ணியம்? – வாசகர், தூத்துக்குடி

அண்ணா, நானும் வேளாங்கண்ணிக்கு நடந்து போனவள்தான், அந்த மரியாதையைக் குறைத்துப் பேச என்னால் முடியாது. ஆனால் மாதாவைத் தூக்கி வைத்த உயரத்தையே மற்ற பெண்களுக்கு அளவுகோலாக நீட்டுகிறார்களே, அதுதான் பிரச்சினை. கன்னி, தாய், வாய் பேசாதவள், எல்லாவற்றுக்கும் தலையாட்டியவள். லூக்கா நற்செய்தியைத் திறந்தால் அப்படியொரு பெண் அங்கே இல்லை. வானதூதரிடமே "இது எப்படி நிகழும்?" என்று கேள்வி கேட்கிறார். எலிசபெத்தைப் பார்க்க மலைநாட்டுக்குக் கிளம்பிப் போகிறார். அங்கே அவர் பாடும் பாட்டில் வலியவர்கள் அரியணையிலிருந்து தூக்கி எறியப்படுகிறார்கள், தாழ்ந்தவர்கள் உயர்த்தப்படுகிறார்கள், பணக்காரர்கள் வெறுங்கையோடு அனுப்பப்படுகிறார்கள். மாலைச் செபத்தில் தினமும் அந்தப் பாட்டைப் பாடுகிறோம், என்ன சொல்லிப் பாடுகிறோம் என்று நினைத்துப் பார்க்கிறோமா?

இன்னொரு மரியாவையும் பாருங்கள். மகதலா மரியா என்றதும் உங்கள் நினைவுக்கு வருவது யார்? கூந்தல் விரிந்த, அழுகிற, மனந்திரும்பிய விலைமகள். நானும் மறைக்கல்வி வகுப்பில் அப்படித்தான் படித்தேன். நற்செய்தியில் எங்கேயும் அப்படி இல்லை. அவரிடமிருந்து ஏழு பேய்கள் போயின என்று இருக்கிறது, சிலுவையடியில் நின்றார் என்று இருக்கிறது, உயிர்த்த இயேசுவை முதலில் பார்த்து மற்ற சீடர்களுக்குப் போய்ச் சொன்னவர் என்று இருக்கிறது. லூக்கா 7-இல் வருகிற பெயரில்லாத பாவியான பெண்ணையும், பெத்தானியா மரியாவையும், இவரையும் ஒரே ஆளாகச் சேர்த்து 591-ஆம் ஆண்டு போப்பாண்டவர் முதலாம் கிரகோரி ஒரு மறையுரையில் பேசினார். மேற்கத்தியத் திருச்சபையில் அது ஒட்டிக்கொண்டது. கீழைத் திருச்சபைகள் மூவரையும் தனித்தனியாகவே வைத்திருந்தன. 1969-இல் வழிபாட்டு நாள்காட்டியைத் திருத்தியபோதுதான் உரோமை அந்த முடிச்சை அவிழ்த்தது. 2016-இல் போப் பிரான்சிஸ் ஜூலை 22-ஐத் திருத்தூதர்களுக்கு இருப்பது போன்ற விழாவாக உயர்த்தினார், "திருத்தூதர்களுக்குத் திருத்தூதர்" என்ற பழைய பட்டத்தையும் திரும்ப எடுத்துக் கொடுத்தார்.

உயிர்ப்பின் முதல் சாட்சியை ஆயிரத்து முந்நூறு ஆண்டுகளுக்கு மேல் வேசி என்று சொல்லிக்கொண்டிருந்தோம் அண்ணா. எனக்கு இதைச் சொல்லும்போது இன்றும் கோபம் வருகிறது. பெண்ணியம் எதற்கு என்று கேட்டீர்கள், இதற்குத்தான்.

அக்கா, கல்யாணமாகி பதினோரு வருடம். குடித்துவிட்டு அடிக்கிறார். கோயிலில் ஒரு மூத்தவரிடம் அழுதேன். "உன் சிலுவையை நீதான் சுமக்க வேண்டும், கடவுள் இணைத்ததை மனிதர் பிரிக்கக் கூடாது" என்று செபிக்கச் சொன்னார். இரண்டு பிள்ளைகள் இருக்கிறார்கள். பிரிந்து போனால் நான் பூசையில் நற்கருணை அப்பம் வாங்கலாமா? – ஊர் வேண்டாம்

வாங்கலாம் அம்மா. அடிக்கிறவரை விட்டுப் பிரிந்து வாழ்வது பாவம் இல்லை.

திருச்சபைச் சட்டத் தொகுப்பில் 1153-ஆவது சட்டம் என்ன சொல்கிறது தெரியுமா? கணவனோ மனைவியோ மற்றவருக்கோ பிள்ளைகளுக்கோ உடலுக்கோ ஆன்மாவுக்கோ பெரிய ஆபத்தாக இருந்தால், பிரிந்து போக நியாயமான காரணம் உண்டு. ஆயரின் (பிஷப்பின்) ஆணையோடு பிரியலாம், காத்திருப்பதில் ஆபத்து என்றால் நீங்களாகவே முடிவெடுத்தும் போகலாம். 2016-இல் போப் பிரான்சிஸ் குடும்பங்களுக்கு எழுதிய மடலில், பலவீனமானவரையும் சிறு பிள்ளைகளையும் காப்பாற்றுவதற்குச் சில நேரம் பிரிவு அறநெறிப்படி அவசியமே ஆகிவிடுகிறது என்று எழுதியிருக்கிறார். உங்களிடம் சிலுவை என்று சொன்னவருக்கு இது தெரியவில்லை, அல்லது தெரிந்தும் சொல்லவில்லை. இயேசு சுமந்த சிலுவையை அவர் தோளில் ஏற்றியது அடித்தவர்கள். அடிப்பது கடவுளின் வேலை என்று யாரும் உங்களிடம் சொல்ல விடாதீர்கள்.

இப்போது செய்ய வேண்டியது. 181-க்குப் போன் செய்யுங்கள், இது பெண்களுக்கான உதவி எண். 2005-ஆம் ஆண்டு குடும்ப வன்முறைச் சட்டப்படி மாவட்டத்தில் பாதுகாப்பு அலுவலர் இருப்பார், சமூக நல அலுவலகத்தில் விசாரியுங்கள். நீங்கள் வாழ்கிற வீட்டில் தொடர்ந்து இருக்கிற உரிமையையும் அந்தச் சட்டம் தருகிறது, வீடு அவர் பெயரில் இருந்தாலும் சரி. ஆதார், கல்யாணச் சான்றிதழ், பிள்ளைகளின் ஞானஸ்நானச் சான்றிதழ், பள்ளிச் சான்றிதழ் எல்லாவற்றையும் நம்பிக்கையான ஒருவர் வீட்டில் கொடுத்து வையுங்கள். காயம் பட்டால் அரசு மருத்துவமனைக்குப் போய், அடித்ததால் வந்த காயம் என்று சொல்லிப் பதிவு செய்யுங்கள்.

கோர்ட்டுக்குப் போவதாக இருந்தால் ஒன்று தெரிந்துகொள்ளுங்கள். 1869-இல் வெள்ளைக்கார அரசு போட்ட மணமுறிவுச் சட்டத்தில், கணவன் மனைவியின் கள்ள உறவு ஒன்றை மட்டும் காட்டி விவாகரத்து கேட்கலாம், கிறிஸ்தவ மனைவியோ அதோடு கொடுமையையோ கைவிட்டதையோ சேர்த்து நிரூபிக்க வேண்டியிருந்தது. வெறும் அடி உதை போதாது. பெண்கள் வழக்குப் போட்டு, போராடி, 2001-இல்தான் அந்தச் சட்டம் திருத்தப்பட்டு இருவருக்கும் ஒரே காரணங்கள் வந்தன. கொடுமை ஒன்றே இப்போது போதுமான காரணம். எனக்கு மறுபடி எழுதுங்கள், பிரசுரிக்க மாட்டேன்.

கருத்தடை பற்றி எழுத உங்களுக்குத் துணிவு உண்டா? – வாசகி, கோவை

உண்டு. 1968-இல் போப்பாண்டவர் ஆறாம் பவுல் தன் சுற்றுமடலில் செயற்கைக் கருத்தடை கூடாது என்றார். அதற்கு முன்னால் இந்த விஷயத்தை ஆராய அமைத்த குழுவில், கல்யாணமான பெண்களும் இருந்த அந்தக் குழுவில், பெரும்பான்மையோர் போதனையை மாற்றலாம் என்று சொல்லியிருந்தார்கள். அவர் அதை ஏற்கவில்லை. என் கருத்து அந்தப் பெரும்பான்மையோடு. மூன்றாவது சிசேரியனுக்குப் பிறகு டாக்டர் ஆபரேஷன் செய்துகொள்ளச் சொல்கிற பெண்ணிடம், பாவம் என்று பயமுறுத்துகிறவர்கள் அவள் உடம்பில் ஒருநாள் இருந்து பார்த்ததில்லை. கருக்கலைப்பு வேறு. அதில் என் பெண்ணியத் தோழிகள் பலரோடு எனக்கு ஒத்துப்போவதில்லை, வயிற்றில் இருப்பதும் ஓர் உயிர் என்றுதான் நான் நம்புகிறேன், ஆனால் அந்த நிலைக்குத் தள்ளப்பட்ட பெண்ணைத் தண்டிக்கிற பேச்சில் நான் சேர மாட்டேன்.

என் தங்கை மடத்துக்குப் போகிறேன் என்கிறாள். வாழ்நாள் முழுக்க யாருக்கோ கீழ்ப்படிந்து கிடப்பதற்கா படித்தாள் என்று எனக்கு ஆற்றாமையாக இருக்கிறது. – வாசகி, மதுரை

உங்கள் ஊரிலேயே நடந்த கதை ஒன்று இருக்கிறது. எலேன் தெ ஷப்போத்தேன் என்ற பிரெஞ்சுக் கன்னியர் 1865-இல் மதுரை மறைத்தளத்துக்கு வந்தார், சீக்கிரமே அங்கே தன் சபைக்குத் தலைமைப் பொறுப்பும் வந்தது. சபைக்குள் பெரிய பிணக்கு. 1876-இல் அவரும் சேர்த்து இருபது கன்னியர் அந்தச் சபையை விட்டு விலகி ஊட்டிக்குப் போய்விட்டார்கள். அவர் உரோமைக்குக் கப்பலேறிப் போய் நியாயம் கேட்டார். 1877 ஜனவரியில் புதிய சபை தொடங்க அனுமதி வாங்கினார். அதுதான் பின்னால் மரியாவின் பிரான்சிஸ்கன் மறைப்பணியாளர் சபை. சென்னை ஸ்டெல்லா மாரிஸ் கல்லூரியை 1947-இல் தொடங்கியது அந்தச் சபைதான். நடுவில் ஒருமுறை அவரைத் தலைமையிலிருந்தே இறக்கினார்கள், விசாரித்துவிட்டுத் திரும்ப ஏற்றினார்கள். 2002-இல் அவருக்கு, புனிதர் பட்டத்துக்கு முந்தைய படியான அருளாளர் பட்டம் கொடுத்தார்கள். கீழ்ப்படிந்து கிடந்தவர் வாழ்க்கை மாதிரியா இருக்கிறது?

உங்கள் ஆற்றாமையிலும் நியாயம் உண்டு. கர்தினால்கள், ஆயர்கள் வீட்டில் சமைத்துத் துவைத்துக்கொண்டு, சரியான சம்பளமோ ஒப்பந்தமோ இல்லாமல் இருக்கிற கன்னியரைப் பற்றி 2018-இல் வத்திக்கானிலிருந்து வருகிற பெண்கள் இதழே எழுதியது. அதனால் தங்கையைத் தடுக்காதீர்கள், கேள்விகளோடு அனுப்புங்கள். மேற்படிப்புக்கு அனுப்புவார்களா, வேலையை யார் முடிவு செய்வது, குறை இருந்தால் யாரிடம் சொல்வது, வெளியே வர நினைத்தால் கையில் என்ன கொடுத்து அனுப்புவார்கள். கேட்டதற்கு முகம் சுளிக்கிற மடம் என்றால் வேறு மடம் பார்க்கட்டும்.

என் மகளுக்கு ஒன்பது வயது. பூசை வைக்கிற சாமியாருக்கு உதவுகிற பீடப் பிள்ளையாக இருக்கிறாள். "நான் பெரியவளானதும் சாமியார் ஆவேன்" என்கிறாள். என்ன சொல்வது? – வாசகி, சென்னை

உண்மையைச் சொல்லுங்கள். இப்போதைக்கு முடியாது என்று திருச்சபை சொல்கிறது.

நான் அவள் வயதில் இருந்தபோது பூசையின் அத்தனை பதில்களும் எனக்கு மனப்பாடம், என் தம்பிக்குப் பாதிகூடத் தெரியாது, ஆனால் மணியடிக்கப் போனது அவன்தான். பீடத்தின் படியேறக் கூடாது என்று என்னை இறக்கிவிட்டார்கள். 1994-இல்தான் பெண்பிள்ளைகளும் பீடத்தில் உதவலாம் என்று உரோமை தெளிவாகச் சொன்னது. அதே 1994-இல், குருப்பட்டம் பெண்களுக்குக் கொடுக்கத் திருச்சபைக்கு அதிகாரம் இல்லை, இது முடிந்த விஷயம் என்று இரண்டாம் ஜான் பால் எழுதினார். இயேசு பன்னிரு திருத்தூதராக ஆண்களைத்தான் தேர்ந்தெடுத்தார் என்பது முதல் காரணம். அந்தப் பன்னிருவரும் யூதர்கள், பலர் கல்யாணமானவர்களாகவும் இருந்திருப்பார்கள், அதையெல்லாம் நிபந்தனையாக வைக்காதவர்கள் ஆண் என்பதை மட்டும் வைத்தது ஏன் என்று நான் பலமுறை கேட்டுப் பார்த்துவிட்டேன், மனதுக்கு ஒப்புகிற பதில் எனக்குக் கிடைக்கவில்லை. ஆனாலும் நான் கோயிலுக்குப் போகிறேன். நற்கருணை எனக்கு வேண்டும், அது அவர்கள் வீட்டுச் சொத்து இல்லை.

நகர்ந்தவற்றையும் அவளுக்குச் சொல்லுங்கள். 2016-இலிருந்து பெரிய வியாழனன்று பெண்களின் பாதத்தையும் கழுவலாம். 2021-இல் பூசையில் வேதம் வாசிக்கிற வாசகர், பீடத்தில் உதவுகிற பீடத்துணைவர் பணிகளைப் பெண்களுக்கும் முறைப்படி திறந்துவிட்டார்கள். 2023-இல் உரோமையில் நடந்த ஆயர் மாமன்றத்தில் முதல்முறையாகப் பெண்கள் ஓட்டுப் போட்டார்கள், ஐம்பத்து நான்கு பேர். 2025 ஜனவரியில் சிமோனா பிராம்பில்லா என்ற இத்தாலியக் கன்னியர், உலகம் முழுக்க உள்ள துறவறச் சபைகளைக் கவனிக்கிற வத்திக்கான் துறைக்குத் தலைவரானார். அந்தப் பொறுப்பில் அதற்கு முன் பெண் யாரும் இருந்ததில்லை.

அப்புறம் ஒரு சாயங்காலம் அவளோடு உட்கார்ந்து உரோமையர் 16-ஆம் அதிகாரத்தைப் படியுங்கள். முதல் வசனத்தில் பெபேயா என்ற பெண் வருகிறார். ஆண்களுக்கு வரும்போது, குருவுக்கு அடுத்த படியில் இருக்கிற திருத்தொண்டர் என்று மொழிபெயர்க்கிற அதே கிரேக்கச் சொல்லைத்தான் பவுல் அவருக்கும் சொல்கிறார். ஏழாம் வசனத்தில் யூனியா, திருத்தூதர்களில் பெயர் பெற்றவர். பெண் எப்படித் திருத்தூதராக முடியும் என்று யோசித்தவர்கள், அந்தப் பெயரைப் பிற்காலத்தில் யூனியாஸ் என்று ஆண் பெயராக்கிவிட்டார்கள். இருபதாம் நூற்றாண்டில் அறிஞர்கள் பயன்படுத்திய கிரேக்கப் பதிப்பிலேயே அப்படித்தான் இருந்தது, 1998-இல்தான் பெண் பெயராகத் திருத்தினார்கள். உங்கள் வீட்டு பைபிளில் எப்படி அச்சாகியிருக்கிறது என்று அவளையே தேடிப் பார்க்கச் சொல்லுங்கள், எனக்கும் எழுதச் சொல்லுங்கள்.